ஊர் ஊசி

கஸ்பார் அண்ணாச்சியை நான் முதன்முதலில் பார்த்தபோது அவர் ஒரு பனங்கையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். அறுபதைத் தாண்டிய ஆள். தலையில் துண்டு, மடித்துக் கட்டிய கைலி. தன்னைவிட நீளமான அந்தப் பனைமரச் சட்டத்தை ஒற்றை ஆளாக நிமிர்த்திக் குழிக்குள் இறக்கப் பார்க்கிறார். அது ஒவ்வொரு தடவையும் அவரையும் இழுத்துக்கொண்டு மணலில் சாய்கிறது. உதவிக்குக் கூப்பிடச் சுற்றுவட்டாரத்தில் ஓர் ஈ காக்கை கிடையாது. இருக்கவும் கூடாது. அப்படி யாராவது இருந்தால் அப்புறப்படுத்துவதற்குத்தான் அரசாங்கம் எனக்குச் சம்பளமும் ஒரு லொடக்கு ஜீப்பும் கொடுத்திருந்தது.

கடல் உள்ளே வந்த கதை எல்லோருக்கும் தெரியும். எங்கள் பக்கத்துக் கரையோர ஊர்கள் ஒவ்வொன்றாகத் தண்ணீருக்குள் போய், கடைசியில் தேரிக்காடு கடற்கரையாகிவிட்டது. மேடும் பள்ளமுமாகக் கிடக்கிற செக்கச்செவேல் மணலில் நீலத் தண்ணீர் வந்து மோதும். பார்க்க நன்றாகத்தான் இருக்கும். பார்க்க அனுமதி கிடையாது. ஜனங்களை எல்லாம் கழுகுமலைக்கு அப்பால் மேட்டில், வானத்துக்கும் பூமிக்குமாகக் கட்டிய அடுக்குமாடிகளில் குடிவைத்திருந்தார்கள். லிஃப்ட் உண்டு, இருபத்துநாலு மணி நேரமும் தண்ணீர் உண்டு, மின்சாரம் உண்டு. ஆனாலும் ஜனங்கள் செத்தார்கள். முதலில் வயதானவர்கள், பிறகு நடுவயதுக்காரர்கள். ஒரு நோயும் கிடையாது. கிழக்குப் பார்த்த ஜன்னலில் உட்காருவார்கள், சோற்றைத் தள்ளிவைப்பார்கள், கொஞ்ச நாளில் போய்விடுவார்கள். டாக்டர்கள் அதற்கு வாயில் நுழையாத பெயர் ஒன்று வைத்தார்கள். ஜனங்கள் 'ஏக்கம்' என்றார்கள், அவ்வளவுதான்.

அதற்குப் பிறகுதான் ஊசி வந்தது. அரசாங்கப் பெயர் இடப்பற்றுத் தணிப்பு மருந்து. 'ஊர் ஊசி' என்றால்தான் யாருக்கும் புரியும். நானும் போட்டுக்கொண்டவள்தான். எங்கள் ஊர் திருச்செந்தூருக்குத் தெற்கே. எந்தத் தெரு எந்தச் சந்தில் முடியும், எந்தக் கடையில் கருப்பட்டி மிட்டாய் நன்றாக இருக்கும், எல்லாம் இன்றும் சொல்வேன். நெஞ்சில்தான் ஒன்றும் அசையாது. அடுத்த வீட்டுக்காரி சொன்ன கதையை ஒப்பிப்பது மாதிரி இருக்கும்.

ஆகவே அண்ணாச்சியைப் பார்த்ததும், ஊசிக்குத் தப்பி ஓடிவந்த கேஸ் என்று தீர்மானித்துவிட்டேன். ஜீப்பை நிறுத்திவிட்டு, அதிகாரக் குரலை வரவழைத்துக்கொண்டு, "யாரைக் கேட்டு இங்க கட்டுறீங்க?" என்றேன்.

"அந்தச் சட்டத்தைக் கொஞ்சம் புடிங்க தாயி. பொறவு திட்டுங்க" என்றார்.

பிடித்தேன். பிடிக்காமல் விட்டிருந்தால் அவர் மண்டையில் விழுந்திருக்கும். குழியில் இறக்கி, மண்ணைத் தள்ளி மிதித்து முடித்ததும் கேட்காமலே மணிக்கட்டை நீட்டினார். ஊசிப் பதிவைக் காட்டும் கருவியை வைத்துப் பார்த்தேன். ஊசி போட்டிருந்தது. முதல் வருடமே, எனக்கும் முன்னால்.

"ஊசி போட்ட ஆளு இங்க வந்து வீடு கட்டுறீங்களா?"

"ஆமா."

"ஏன்? கடல் ஞாபகமா?"

அண்ணாச்சி திரும்பி அந்தக் கடலைப் பார்த்தார். நல்ல வெயில். அலை வெள்ளையாக வந்து சிவப்பு மணலில் ஏறிக்கொண்டிருந்தது. ரேஷன் கடை வரிசையைப் பார்க்கிற முகத்தோடு பார்த்தார்.

"எனக்கு என்ன இருக்கு தாயி. வெறும் தண்ணி. எம் பொண்டாட்டிக்குக் கட்டுதேன். அவ ஊசி போட மாட்டேன்னுட்டா."

மனைவி பிரகாசியக்காவின் விஷயத்தை அன்றைக்கு அவர் பெரிதாக விளக்கவில்லை. அவருக்கு விளக்கிப் பேச வராது. நான்தான் பிடுங்கிப் பிடுங்கிக் கேட்டேன். புன்னைத்துறையில் இருவரும் பிறந்து வளர்ந்து கல்யாணம் செய்தவர்கள். பிள்ளை கிடையாது. ஊர் போனதும் கணவன் சரியென்று ஊசிக்குக் கையை நீட்டினார், மனைவி மறுத்துவிட்டார். மற்றவர்கள் மாதிரி சீக்கிரம் போகாமல் வருடக்கணக்காகக் கொஞ்சம் கொஞ்சமாகத் தேய்ந்துகொண்டே வந்திருக்கிறார். இப்போது ஆஸ்பத்திரிக்காரர்கள் கடைசியாகச் சொல்லிவிட்டார்கள். ஐப்பசி மழை தொடங்குவதற்குள் தேறாவிட்டால் கட்டாயமாக ஊசி போட்டுவிடுவார்கள். நோயாளி மறுத்தாலும் வீட்டுக்காரர் 'சரி' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும்.

"சொல்லிற வேண்டியதுதானே?" என்றேன். "நீங்களும் நானும் போட்டுட்டு நல்லாத்தானே இருக்கோம்?"

"அதேன் நானும் சொன்னேன். 'உங்களப் பாத்த பொறவுதான் வேணாங்கேன்'னு சொல்லிட்டா."

எனக்குச் சுருக்கென்றது. ஆனாலும் சட்டம் சட்டம்தானே. அன்றே கூரையில்லாத அந்தக் கால்களைப் பிடுங்கிப்போட்டிருக்க வேண்டும். நான் ஆபீசுக்குப் போய், தேரிக்கரையில் காற்று அளக்க ஒரு கொட்டகை எழும்புகிறது என்று வாய்கூசாமல் சொல்லிவிட்டேன். எங்கள் ஆபீசில் கரைப்பக்கம் வந்து சரிபார்க்கிற அளவுக்குச் சுறுசுறுப்பு யாருக்கும் கிடையாது. அந்தத் தைரியம்தான்.

அதற்குப் பிறகு ஞாயிறு தவறாமல் போனேன். ஆடிக்காற்று தேரி மணலை அள்ளி அள்ளி இடம் மாற்றும். முந்தின வாரம் மேடாக இருந்தது இந்த வாரம் பள்ளமாக இருக்கும். கண்ணிலும் வாயிலும் மண். அண்ணாச்சி முகத்தைத் துண்டால் சுற்றிக்கொண்டு கூரைக்கு வரிச்சு கட்டுவார். நான் கீழே நின்று கம்புகளை எடுத்துக் கொடுப்பேன். மதியம் கொல்லா என்கிற முந்திரி மர நிழலில் உட்கார்ந்து நான் கொண்டுபோன புளிச்சோற்றைப் பிரிப்போம். அவர் கருப்பட்டிக் காப்பி போடுவார். மூன்று கல் அடுப்பு, கரிப்பிடித்த ஒரு போணி. காப்பியில் எப்போதும் கொஞ்சம் மணல் இருக்கும். அந்த ருசி இப்போது எங்கேயும் கிடைப்பதில்லை.

பழைய வீட்டை அப்படியே கட்ட வேண்டும் என்பதுதான் திட்டம். அளவெல்லாம் அவருக்கு மனப்பாடம். வாசல் கடலைப் பார்த்து இருக்கக்கூடாது, மேற்கே பார்க்க வேண்டும். அடுப்படி வாடைக்காற்றுக்கு மறைவில் இருக்க வேண்டும். எல்லாம் சொல்வார். ஒரே ஒரு மாற்றம் செய்திருந்தார்.

"அந்த வீட்ல ஏகப்பட்ட கோளாறு தாயி. கூரை ஒழுகும். அடுப்படிச் சுவத்துல ஒரு பொத்தல், அடைக்காமலே கெடந்துச்சு, பூனை வரும். கதவு முனகும். எல்லாத்தையும் இதுல சரிபண்ணிட்டேன்."

நானும் நல்லதுதான் என்று தலையாட்டினேன். கூரையேறி ஓலையை அழுத்திப் பார்த்தேன். அருமையான வேலை. எறும்பு நுழைய இடமில்லை.

புரட்டாசியில் ஒருநாள் கழுகுமலைப் பக்கம் வேலையாகப் போனவள், பிரகாசியக்காவைப் பார்க்கப் போனேன். வீடு கட்டுகிற விஷயம் அவருக்குத் தெரியாது. உப்பளத்தில் வேலை என்று சொல்லித்தான் அண்ணாச்சி வந்துபோய்க்கொண்டிருந்தார். ஆகவே பழைய ஊர்களைப் பற்றிக் கேட்க வந்த ஆபீஸ்காரி என்று சொல்லிக்கொண்டேன். அடுக்குமாடி வீட்டு ஜன்னலோரம் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி. அதில் எலும்பும் தோலுமாக ஒரு பெண். கண்கள் மட்டும் நல்ல உயிரோடு இருந்தன.

"ஊசி போடத்தான் வந்தியாட்டி?"

"இல்லக்கா. சும்மா பேச வந்தேன்."

"அந்த ஊசி என்னதான் செய்யும்? ஒருத்தரும் ஒழுங்கா சொல்ல மாட்டேங்காவ."

எனக்குத் தெரிந்த மாதிரி சொன்னேன். "நெனப்பு ஒண்ணும் அழியாதுக்கா. நெனப்புல இருந்து நெஞ்சுக்கு ஒரு வயர் போவுதுன்னு வச்சிக்கங்க. அதைக் கழட்டிவிட்டுரும். ஊரு ஞாபகம் இருக்கும், இழுக்காது. அவ்ளோதான்."

"கழட்டிவிட்ட ஆளு கூடத்தான நான் இருக்கேன்" என்றார். "அவியகிட்ட, 'ஏங்க, நம்ம ஊரு எப்படி இருந்துச்சு'ன்னா, 'எழுவது வீடு, ஒரு கோவில், ரெண்டு கெணறு'ம்பாவ."

எனக்குச் சிரிப்பும் வந்தது, கஷ்டமாகவும் இருந்தது. வீட்டைப் பற்றிச் சொல்லுங்களேன் என்றேன்.

அவர் சொன்ன வீடு வேறு வீடு. சத்தியமாக, அண்ணாச்சி அளவு சொல்லிச் சொல்லிக் கட்டிக்கொண்டிருந்ததற்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. மழை பிடித்துக்கொண்டால் கூரை நாலு பக்கமும் ஒழுகுமாம். தென்கிழக்கு மூலையில் மட்டும் ஒழுகாது. கல்யாணமான முதல் மழைக்காலம் முழுவதும் இருவரும் அந்த மூலையிலேயே சாக்கைப் போர்த்திக்கொண்டு ஒட்டி உட்கார்ந்திருந்தார்களாம். அண்ணாச்சி ராகமே இல்லாமல் கோவில் பாட்டுப் பாடுவாராம். சட்டியில் தண்ணீர் சொட்டுகிற சத்தம்தான் தாளம். "அந்தக் கூரை ஒழுக்க மாத்திரம் அவிய சரிபண்ணாம வருசம் வருசமா தள்ளிப் போட்டாவ. ஏன்னு நான் கேக்கல. அவியளும் சொல்லல." அடுப்படிச் சுவரில் பொத்தல் போட்டது எலியோ பூனையோ இல்லை, அடுத்த வீட்டு லூர்து மைனிதான். கம்பியால் குடைந்து குடைந்து பெரிதாக்கி, அது வழியாகக் குழம்புக் கிண்ணமும் ஊர் வம்பும் போய்வந்துகொண்டிருந்தன. கதவு முனகினால்தான் விடியற்காலையில் கடலுக்குப் போகிற ஆள் கிளம்பிவிட்டார் என்று தெரியும். அக்கா பாதித் தூக்கத்தில் ஒரு சிலுவை போட்டுவிட்டு மறுபடியும் தூங்குவார். சொல்லச் சொல்ல அந்த அம்மாளின் முகத்தில் ரத்தம் ஏறியது. நான் கொண்டுபோன பன்னில் பாதியைத் தன்னையறியாமல் தின்றுவிட்டார்.

அடுத்த ஞாயிறு அண்ணாச்சியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கூரையை அண்ணாந்து பார்த்தார்.

"ஒழுவணுமாக்கும்?"

"ஆமா அண்ணாச்சி."

"நல்லா வேய்ஞ்ச கூரையை…" என்றார். பிறகு, "அந்த மழைக்காலம் எனக்கும் ஞாபகம் இருக்கு. நனைஞ்சோம். அவளுக்குச் சளி புடிச்சிச்சு" என்றார். அவர் ஞாபகத்தில் அது அவ்வளவுதான்.

புரியவில்லை என்பதற்காக அவர் வேலையை நிறுத்தவில்லை. அதுதான் கஸ்பார் அண்ணாச்சி. ஏணியைச் சாத்தி மேலே ஏறி, தான் அழகாகப் பின்னியிருந்த ஓலையைக் கம்பியால் விலக்கினார். நான் உள்ளே நின்று "இன்னும் கொஞ்சம் வடக்கே" என்றேன். மேலிருந்து செம்பால் தண்ணீரை ஊற்றினார். ஒழுகியது. "தாரையா ஊத்துது, சட்டியில விழுந்தா சொட்டுற சத்தம் வராது" என்றேன். இறங்கி வந்து, அண்ணாந்து பார்த்து, மறுபடியும் ஏறி ஓர் ஓலையைச் செருகினார். தென்கிழக்கு மூலைக்கு மட்டும் ஒரு சொட்டுக்கூட வரக்கூடாது. அடுத்து அடுப்படிச் சுவர். அந்தப் பக்கத்தில் மைனியும் இல்லை, வீடும் இல்லை, மணல்தான். ஆனாலும் கிண்ணம் நுழைகிற அளவுக்குப் பார்த்துப் பார்த்துக் குடைந்தார். கதவுக் கீலில் உப்புத் தண்ணீரைத் தடவித் தடவித் துருப்பிடிக்க வைத்தார். அது முனக ஆரம்பித்த அன்று, "கேட்டியளா?" என்று சின்னப் பையன் மாதிரி சிரித்தார். நானும் சிரித்தேன். எனக்கு அன்றைக்கு எதனால் அவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று புரியவில்லை.

ஐப்பசி பிறந்து, முதல் கருமேகம் கூடியபோது அக்காவை ஜீப்பின் பின்சீட்டில் படுக்கவைத்துக் கொண்டுவந்தேன். ஆஸ்பத்திரியில் என்ன சொன்னேன் என்று கேட்காதீர்கள். தேரி மேட்டில் ஏறியதும் உப்புக்காற்று அடித்தது. எழுந்து உட்கார்ந்துவிட்டார். வாசலில் அண்ணாச்சி குளித்து, வெள்ளை வேட்டி கட்டி, சம்பந்தி வீட்டாரை எதிர்பார்க்கிற மாதிரி நின்றுகொண்டிருந்தார்.

அக்கா உள்ளே போனார். கதவை அசைத்தார், முனகியது. அண்ணாந்து பார்த்தார். அடுப்படிக்குப் போய்ப் பொத்தல் வழியாகக் குனிந்து பார்த்தார். அந்தப் பக்கம் சிவப்பு மணலும் அதைத் தாண்டித் தண்ணீரும்தான் இருந்தன. ரொம்ப நேரம் குனிந்தபடியே நின்றார்.

"இது நம்ம வீடு இல்ல" என்றார்.

"தெரியும்" என்றார் அண்ணாச்சி.

"ஒத்தையில கட்டினியளா?"

"இந்தப் பிள்ள கம்பு எடுத்துக் குடுத்துச்சு."

"எத்தன மாசமா?"

"ஆச்சு."

"இங்க இருக்கையில ஏதாச்சும் தோணுச்சா உங்களுக்கு? கொஞ்சமாச்சும்?"

"இல்ல பிரகாசி."

"பொய்யாச்சும் சொல்லலாம்ல."

"உங்கிட்டயா?"

அக்கா அழுதார். பிறகு மூக்கைச் சிந்திவிட்டு, "பசிக்கி. என்ன இருக்கு?" என்றார். அண்ணாச்சி அடுப்பைப் பற்றவைக்க ஓடினார். அன்று மாலையே மழை பிடித்துக்கொண்டது. இருவரையும் அந்த மூலையில் விட்டுவிட்டு நான் வெளியே ஜீப்பில் உட்கார்ந்திருந்தேன். கூரையில் மழை, உள்ளே சட்டியில் சொட்டுச் சத்தம். அண்ணாச்சியின் பாட்டும் கேட்டது. அக்கா மிரட்டிப் பாடவைத்திருக்க வேண்டும். ராகம் இல்லை என்று அக்கா சொன்னது ரொம்பக் குறைவு.

அந்த மழைக்காலம் அவர்கள் அங்கேதான் இருந்தார்கள். அக்காவுக்குச் சதை பிடித்தது. என்னை 'ஏட்டி' என்று அதட்டிச் சாப்பிடவைக்கிற அளவுக்குத் தேறிவிட்டார். அந்த நாட்களைப் பற்றி எழுதினால் எழுதிக்கொண்டே போவேன். மீன் கிடைத்தால் மீன், இல்லாவிட்டால் பொரிகடலையும் காப்பியும். ஈர மணலில் மூன்று பேரும் உட்கார்ந்து ஒன்றுமே பேசாமல் இருப்போம். அதிகாரி, ஜீப், சட்டம் எல்லாம் எனக்கு மறந்தே போகும்.

கார்த்திகைக் கடைசியில் புயல் வந்தது. கடல் ஒரே பகலில் தேரியின் அந்தப் பக்கத்தை வாரிக்கொண்டு போகும் என்று ஆபீசில் எச்சரிக்கை. நான் பதறிப்போய் இருவரையும் அடுக்குமாடிக்கே கொண்டுபோக ஜீப்பில் ஏற்றினேன். அக்கா வீட்டுக்கு ஒரு சிலுவை போட்டுவிட்டு ஏறி உட்கார்ந்தவர் திரும்பிப் பார்க்கவில்லை. அண்ணாச்சி மட்டும் பின்பக்கம் திரும்பியே உட்கார்ந்துவந்தார். காற்றைப் பார்க்கிறார் என்று நினைத்துக்கொண்டேன். அடுத்த வாரம் போய்ப் பார்த்தேன். கால் நட்ட குழிகூட இல்லை.

தை பிறந்த பிறகு ஒருநாள் அக்கா போன் செய்தார். அவர் குரல் நன்றாகத்தான் இருந்தது.

"ஏட்டி ராணி, இவியளுக்கு என்னமோ ஆயிருச்சு. சோத்தத் தள்ளி வைக்காவ. எந்நேரமும் அந்தச் சன்னல்லயே இருக்காவ."

டாக்டரிடம் ஓடினேன். ஊசி போட்டவருக்கு ஏக்கம் எப்படி வரும், மருந்தின் வேகம் குறைந்துவிட்டதா என்று கேட்டேன்.

"மருந்து அப்படியேதான் இருக்கு" என்றார் டாக்டர். "அவரோட பழைய ஊரைப் பத்திக் கேட்டுப் பாருங்க, ஒண்ணும் இருக்காது. ஊசி, போட்ட நாளுக்கு முன்னாடி மனசுல பதிஞ்ச இடத்தைத்தான் கழட்டும். அதுக்கப்புறம் பதியுறது அதோட கணக்குல வராது. இதுவரைக்கும் இந்தப் பிரச்சினையே வந்ததில்ல. ஏன்னா அந்த அடுக்குமாடியைப் போய் யார் மனசுல வைப்பாங்க? இப்பப் புதுசா ஒரு இடம் பதிஞ்சிருக்கு. இன்னொரு ஊசி போட்டா சரியாயிடும். வீட்டம்மா சரின்னு சொன்னாப் போதும்." என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு ஒரு சின்னப் பெட்டியை மருந்தோடு கையில் கொடுத்தார்.

போனேன். அண்ணாச்சி ஜன்னலோரம் அந்தப் பிளாஸ்டிக் நாற்காலியில் இருந்தார். இளைத்திருந்தார். என்னைப் பார்த்ததும் கண் கலங்கிவிட்டது; அந்த மனிதருக்குக் கண் கலங்கி நான் பார்த்ததே இல்லை.

"மழ பெய்யுதா தாயி அங்கன?" என்றார்.

நான் அக்காவை அடுப்படிக்கு அழைத்துப்போய் டாக்டர் சொன்னதை எல்லாம் சொன்னேன். நீங்க சரின்னு சொன்னாப் போதும்க்கா, நானே போட்டுவிடுவேன், நாளைக்கே சோறு சாப்பிடுவார் என்றேன்.

அக்கா கேட்டுக்கொண்டே இருந்தார். அந்த முகத்தில் கவலை வரும் என்று நான் எதிர்பார்த்தேன். சந்தோஷம்தான் வந்தது. மறைக்கத் தெரியாத பச்சைச் சந்தோஷம்.

"அப்ப அவிய ஏங்குதாவளா? நெசமாவா?"

"ஆமாக்கா."

"அந்தக் குச்சில் வீட்ட நெனச்சா?"

"ஆமா."

"போடாத" என்றார். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "இத்தன வருசம் நான் ஒத்தையில ஏங்குனேன் ராணி. ஊரு போனதக்கூடத் தாங்கிட்டேன். பக்கத்துல படுத்துக் கெடக்க மனுசன், நான் என்னத்த நெனச்சு அழுவுதேன்னு தெரியாம முழிச்சது இருக்கு பாரு, அதாம் என்னயத் தின்னுச்சு. இப்பந்தான் எனக்குத் தொணை கெடச்சிருக்கு. அதையும் கழட்டிப்புடாத. சோறு நான் ஊட்டிக்கிடுதேன். பேசிக்கிட்டே ஊட்டுனா எறங்கும்."

உண்மையிலேயே இறங்கியது. தட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டு அக்கா அவர் முன்னால் உட்கார்ந்தார். "அன்னிக்கு அந்தப் பெரிய மழையில சட்டி நெறைஞ்சு வழிஞ்சுச்சே" என்று ஆரம்பித்தார். அண்ணாச்சி நிமிர்ந்து பார்த்தார். "சட்டி இல்ல, போணி" என்றார். ஒரு வாய் வாங்கிக்கொண்டார். "சட்டிதான்" என்றார் அக்கா. இருவரும் சண்டை போட்டுக்கொண்டே தட்டு பாதி காலியாகிவிட்டது. நான் சத்தமில்லாமல் பெட்டியை எடுத்துக்கொண்டு கதவுப் பக்கம் நகர்ந்தேன்.

"ஏட்டி, அதைக் காட்டு" என்றார் அக்கா. வாங்கித் திறந்து பார்த்தார். "ரெண்டு ஊசி இருக்கே. இன்னொண்ணு யாருக்கு?"

மார்கழி முழுக்க நான் சோறு இறங்காமல் கிடந்ததையும், ஞாயிற்றுக்கிழமை ஆனால் ஜீப்பை எடுத்துக்கொண்டு ஒன்றுமில்லாத அந்த மணலில் போய் நின்றதையும் இவர்களிடம் எப்படிச் சொல்வது? பெட்டிக்குக் கை நீட்டினேன்.

அக்கா என்னை ஏற இறங்கப் பார்த்தார். பெட்டியை மூடித் தன் மடியில் வைத்துக்கொண்டார். இன்னொரு தட்டை எடுத்து, அதே சோற்றைப் போட்டு, அண்ணாச்சிக்குப் பக்கத்தில் தரையில் வைத்தார்.

"இங்கன வந்து உக்காரு பிள்ள" என்றார். "நாங்க அதைத்தான் பேசிக்கிட்டிருக்கோம்."